வெள்ளைப் பனிமான்: ஒரு ஒளிப்பதிவாளரின் கதை

ஃபின்லாந்து சினிமா என்றதும் பலர் சொல்லும் பெயர் அகி கௌரிஸ்மாகி. அவர் தன் முதல் படத்தை எடுத்தது 1983ல். அதற்கு முப்பது வருடங்களுக்கு முன்பே கேன்ஸ் விழாவில் அந்த நாட்டுக்குப் பரிசு வாங்கிக் கொடுத்தவர் ஒரு கேமராமேன். பெயர் எரிக் ப்ளோம்பெர்க் (1913-1996).

நிர்க்கி தபியோவாரா என்ற இளம் இயக்குநர் இவருடைய கூட்டாளி. அவர் இயக்கிய 'திருடப்பட்ட மரணம்' (1938) படத்தைத் தயாரித்தது ப்ளோம்பெர்க். கேமராவிலும் அவருக்குப் பங்கு உண்டு. அடுத்த வருடம் சோவியத் யூனியனோடு போர் மூண்டது. தபியோவாரா போர்முனைக்குப் போனார். 1940 பிப்ரவரி 29ல் இறந்தபோது வயது 28. இரண்டே வாரத்தில் போர் முடிந்துவிட்டது!

நோபல் பரிசு பெற்ற சிலன்பாவின் நாவலை வைத்து அவர் எடுத்துக்கொண்டிருந்த 'ஆணின் பாதை' பாதியில் நின்றது. நண்பனின் அந்தப் படத்தை ஹூகோ ஹ்யூட்டோனனோடு சேர்ந்து முடித்து வெளியே கொண்டுவந்தவர் ப்ளோம்பெர்க்தான்.

அவரே இயக்கிய முதல் கதைப்படம் 1952ல் வந்தது. அதுதான் 'வெள்ளைப் பனிமான்'. லாப்லாந்தில் பனிமான் மேய்க்கும் கணவன் வீட்டில் தங்குவதே இல்லை. ஏங்கிப்போன புது மனைவி பிரிதா மந்திரவாதியிடம் போகிறாள். அதன் பலன், அவளே வெள்ளைப் பனிமானாக மாறி, வேட்டைக்கு வரும் ஆண்களைக் கொல்கிறாள். இயக்கம், ஒளிப்பதிவு, எடிட்டிங் எல்லாம் ப்ளோம்பெர்க். கறுப்பு வெள்ளைப் படம். கண்ணுக்கெட்டிய தூரம் வரை பனி, நடுவே சின்னப் புள்ளியாக ஓடும் ஒரு மான். பயமுறுத்த வேறென்ன வேண்டும்?

1953 கேன்ஸ் விழாவில் ழான் காக்தோ தலைமையிலான நடுவர் குழு இதற்குப் பரிசு கொடுத்தது. 1957ல் கோல்டன் குளோப். அந்த வருடம் பரிசு பெற்ற அயல்நாட்டுப் படங்களில் இதுவும் ஒன்று.

இங்கே இன்னொரு பெயரையும் சொல்லியாக வேண்டும். பிரிதாவாக நடித்த மிர்யாமி குவோஸ்மனென் ப்ளோம்பெர்க்கின் மனைவி. திரைக்கதையும் இருவரும் சேர்ந்து எழுதியதுதான். தனிமையில் வாடும் பெண்ணின் பக்கம் நின்று படம் பேசுவதற்கு அவர் ஒரு முக்கியக் காரணமாக இருக்க வேண்டும். ஆனால் பாராட்டின் பெரும்பங்கு கணவரின் கணக்கில்தான் வரவானது. மிர்யாமி 1963ல், ஐம்பது வயதுக்கு முன்பே காலமானார்.

ப்ளோம்பெர்க் பிறகும் சில படங்கள் இயக்கினார். எதுவும் இந்த உயரத்தைத் தொடவில்லை. நண்பனுக்காக ஒரு படத்தை முடித்தார், மனைவியோடு ஒரு படத்தை எடுத்தார். இரண்டிலுமே அவர் தனி ஆள் இல்லை.