காப்புரிமை முதலா, திறன் முதலா? இந்திய மருந்துத் துறை தரும் சான்று

அறிவுசார் சொத்துரிமையை இறுக்கினால் கண்டுபிடிப்பு பெருகும், கண்டுபிடிப்பு பெருகினால் பொருளாதாரம் வளரும் என்பது வளரும் நாடுகளுக்கு நெடுங்காலமாகச் சொல்லப்படும் அறிவுரை. 1986இல் தொடங்கிய உருகுவே சுற்று உலக வர்த்தகப் பேச்சுவார்த்தையில் அது நிபந்தனையாக மாறியது. 1995 ஜனவரி 1இல் அறிவுசார் சொத்துரிமை பற்றிய டிரிப்ஸ் ஒப்பந்தமாக நடைமுறைக்கு வந்தது. இந்திய மருந்துத் துறையின் வரலாறு இந்த வரிசையை ஏற்க மறுக்கிறது. இங்கே திறன் முதலில் வளர்ந்தது, காப்புரிமை பின்னால் வந்தது. அந்த ஒழுங்கை எந்த நாடும் தன் விருப்பப்படி தேர்ந்துகொள்ளும் உரிமையே இக்கட்டுரையின் பொருள்.

விடுதலை பெற்ற இந்தியா கைக்கொண்டிருந்தது 1911ஆம் ஆண்டின் காலனியச் சட்டம். மருந்து மூலக்கூறுக்கே அது 16 ஆண்டு ஏகபோகம் கொடுத்தது. அதன் விளைவை ஆராயும் பொறுப்பு அப்போது சென்னை உயர் நீதிமன்ற நீதிபதியாக இருந்த என். ராஜகோபால ஐயங்காரிடம் ஒப்படைக்கப்பட்டது. 1959இல் அவர் அளித்த அறிக்கையை இன்று படித்தாலும் அதன் தெளிவு வியப்பளிக்கிறது. இந்தியக் காப்புரிமைகளில் 80 முதல் 90 விழுக்காடு வெளிநாட்டவர் கையில் இருந்தன. அவற்றிலும் 90 விழுக்காட்டுக்கு மேல் இந்திய மண்ணில் செயல்படுத்தப்படவே இல்லை. பொருளை இங்கே உற்பத்தி செய்யாமலே, பிறர் உற்பத்தி செய்வதைத் தடுத்து, இறக்குமதிச் சந்தையைக் காக்கும் வேலியாகவே காப்புரிமை பயன்பட்டது. ஏறக்குறைய அதே காலத்தில் அமெரிக்க செனட்டர் கெஃபாவர் தலைமையிலான குழு, மருந்து விலை உலகிலேயே மிக அதிகமாக உள்ள நாடுகளில் இந்தியாவும் ஒன்று என்று பதிவுசெய்தது.

ஐயங்கார் காப்புரிமையை ஒழிக்கச் சொல்லவில்லை. உணவு, மருந்து, வேதிப்பொருள் ஆகியவற்றில் பொருளுக்கு உரிமை வேண்டாம், அதைச் செய்யும் முறைக்கு மட்டும் கொடுங்கள் என்றார். 1970இல் நிறைவேறி 1972 ஏப்ரலில் நடைமுறைக்கு வந்த காப்புரிமைச் சட்டம் அப்படியே அமைந்தது. மருந்துச் செய்முறைக்கு ஏழு ஆண்டு, அல்லது காப்புரிமை முத்திரையிடப்பட்ட நாளிலிருந்து ஐந்து ஆண்டு, இவற்றில் எது குறைவோ அது.

செய்முறைக்கு மட்டும் உரிமை என்பதன் பொருளை வேதிக்கூடத்துக்குள் நின்று பார்க்க வேண்டும். ஒரு நிறுவனம் ஒரு மூலக்கூறை ஆறு படிகளில் தயாரிக்கிறது என்று வைத்துக்கொள்வோம். அந்த ஆறு படிகளும் அதற்கே சொந்தம். அதே மூலக்கூறை வேறு தொடக்கப்பொருளிலிருந்து, வேறு வினையூக்கி கொண்டு, ஐந்து படிகளில் செய்து காட்டுபவர் அதைத் தாராளமாக விற்கலாம். ஆகவே வேதியியலாளர் ஒவ்வொருவருக்கும் சட்டமே ஒரு தேர்வு வைத்தது: உலகம் அறிந்த மருந்துக்கு உலகம் அறியாத வழியைக் கண்டுபிடி. இதை வெறும் நகலெடுப்பு என்று தள்ளுவோர் கரிம வேதியியலின் உழைப்பை மதிப்பிடத் தவறுகிறார்கள். விளைச்சலைக் கூட்டுவது, மாசைக் குறைப்பது, கண்ணாடிக் குடுவையில் நடந்த வினையை ஆயிரம் லிட்டர் உலையில் நடத்துவது எல்லாம் கண்டுபிடிப்புகளே.

ஆனால் சட்டத்துக்கு மட்டும் புகழ் முழுவதையும் கொடுத்துவிட முடியாது. பிரேசில் 1971இல் மருந்துகளுக்குப் பொருள், செய்முறை இரண்டு காப்புரிமைகளையும் விலக்கியது. நம்முடையதைவிடத் தளர்ந்த சட்டம் அது. ஆனாலும் அங்கே இந்தியாவுக்கு இணையான மூலமருந்துத் தொழில், அதாவது மருந்தின் செயல்படும் வேதிப்பொருளைத் தயாரிக்கும் தொழில், எழவில்லை. வேறுபாட்டுக்குக் காரணம் பொதுத்துறையும் ஆய்வகங்களும். பிம்ப்ரியில் இந்துஸ்தான் ஆன்டிபயாடிக்ஸ், சோவியத் உதவியோடு வந்த ஐ.டி.பி.எல்., லக்னோவின் மத்திய மருந்து ஆராய்ச்சி நிலையம், புனேயின் தேசிய வேதியியல் ஆய்வகம் ஆகியவை இரண்டு தலைமுறை வேதியியலாளர்களைப் பயிற்றுவித்திருந்தன. ஐ.டி.பி.எல். ஹைதராபாத் ஆலையில் பணியாற்றிய அஞ்சி ரெட்டி 1984இல் சொந்த நிறுவனம் தொடங்கினார். அந்த நகரம் இன்று மூலமருந்துத் தொழிலின் தலைநகர். பொதுப்பணம் வளர்த்த திறனுக்குச் சட்டம் வாசல் திறந்துவிட்டது. இரண்டில் ஒன்று இல்லாதிருந்தால், 2001இல் இந்திய நிறுவனமான சிப்லா எய்ட்ஸ் நோயாளிக்கு ஆண்டுக்கு 350 டாலருக்கு முக்கூட்டு மருந்து தருவதாக அறிவித்திருக்க முடியாது. அப்போது பணக்கார நாடுகளில் அதன் விலை 10,000 டாலருக்கு மேல்.

இன்று நமக்கு அறிவுரை சொல்லும் நாடுகள் நடந்துவந்த பாதையும் இதுவே. வேதித்தொழிலில் உலகை ஆண்ட ஜெர்மனி, 1877 சட்டத்தில் வேதிப்பொருளுக்குக் காப்புரிமை மறுத்து, செய்முறைக்கு மட்டும் கொடுத்தது. 1960களின் இறுதியில்தான் அதை மாற்றியது. ஜப்பான் 1976இலும், சுவிட்சர்லாந்தும் இத்தாலியும் 1970களின் பிற்பகுதியிலும், ஸ்பெயின் 1992இலும் மாறின. எல்லாரும் தம் தொழில் காலூன்றிய பிறகே மாறினார்கள்.

எதிர்த்தரப்பு வாதத்துக்கும் வலு உண்டு; அதை மறைப்பது நேர்மையாகாது. பிரான்ஸ்டெட்டர், ஃபிஸ்மன், ஃபோலி ஆகியோர் 2006இல் வெளியிட்ட ஆய்வு, 16 நாடுகள் காப்புரிமையை வலுப்படுத்திய பின் அமெரிக்கப் பன்னாட்டு நிறுவனங்கள் அந்நாடுகளிலுள்ள தம் கிளைகளுக்குத் தொழில்நுட்பம் மாற்றுவது கூடியதைக் காட்டியது. ஆனால் அது கிளைகளுக்குள் நிகழ்ந்த மாற்றம். உள்நாட்டவர் கண்டுபிடிக்கத் தொடங்கினார்களா என்பது வேறு கேள்வி. அந்தக் கேள்விக்கு யி கியான் 2007இல் 26 நாடுகளின் மருந்துத் தரவுகளைக் கொண்டு பதில் தேடினார். காப்புரிமை தனியாக நின்று உள்நாட்டுக் கண்டுபிடிப்பைத் தூண்டவில்லை என்றும், கல்வியும் வருமானமும் உயர்ந்த நாடுகளிலேயே அதன் பலன் தெரிந்தது என்றும் கண்டார். இழப்பின் பக்கத்தை ஷுபம் சவுத்ரி, பினலோப்பி கோல்ட்பெர்க், பான்லே ஜியா மூவரும் கணக்கிட்டார்கள். ஃப்ளூரோகுயினலோன் என்ற ஒரே ஆன்டிபயாடிக் வகையில் உள்நாட்டுத் தயாரிப்புகள் விலக்கப்பட்டால் இந்தியாவுக்கு ஆண்டுக்குச் சுமார் 30.5 கோடி டாலர் இழப்பு. விலைக்கட்டுப்பாடு இருக்கும் நிலையில் அந்நிய நிறுவனங்களுக்குக் கிடைக்கும் கூடுதல் இலாபமோ 2 கோடி டாலருக்கும் கீழ். இழப்பில் பெரும்பகுதி நோயாளியின் தலையில் விழுகிறது.

டிரிப்ஸ் கடப்பாட்டின்படி 2005இல் இந்தியா பொருள் காப்புரிமைக்குத் திரும்பியபோது, நாடாளுமன்றம் 3(டி) பிரிவைச் செதுக்கியது. அறியப்பட்ட பொருளின் புதிய வடிவம், நோய் தீர்க்கும் திறனைக் குறிப்பிடத்தக்க அளவு கூட்டாவிட்டால் அது கண்டுபிடிப்பாகாது. இதன் முதல் பெரும் சோதனை சென்னையிலேயே நடந்தது. ரத்தப் புற்றுநோய்க்கான இமாட்டினிப் மெசிலேட்டின் பீட்டா படிக வடிவத்துக்கு நோவார்ட்டிஸ் 1998இல் சென்னைக் காப்புரிமை அலுவலகத்தில் விண்ணப்பித்திருந்தது. 2006இல் அது நிராகரிக்கப்பட்டது. மறு ஆண்டு, அந்தப் பிரிவே அரசியலமைப்புக்கு முரண் என்ற வாதத்தைச் சென்னை உயர் நீதிமன்றம் தள்ளியது. இறுதியில் வழக்கு உச்ச நீதிமன்றத்துக்குப் போனது. புதிய வடிவம் உடலில் 30 விழுக்காடு கூடுதலாகச் சேர்கிறது என்பது நிறுவனத்தின் முக்கிய வாதம். கூடுதலாகச் சேர்வதாலேயே கூடுதலாகக் குணமாக்குகிறது என்று ஆகிவிடாது, அதைத் தனியே நிறுவ வேண்டும் என்று 2013 ஏப்ரல் 1இல் தீர்ப்பு சொன்னது. மாத விலை ஒரு லட்சம் ரூபாயைத் தாண்டிய அந்த மருந்தின் இந்திய ஜெனரிக் வடிவம் பத்தாயிரம் ரூபாய்க்குள் கிடைத்துவந்தது. சட்டத்தின் ஒரு துணைப்பிரிவு ஒரு குடும்பத்தின் நிலத்தையும் நகையையும் காப்பாற்றும் என்பதற்கு இதைவிட நேரான சான்று தேவையில்லை.

2005க்குப் பிறகு இந்தியா புதிய மூலக்கூறுகளைக் கண்டுபிடிக்கும் நாடாக மாறியதா? மிகச் சிறிதளவே. மலேரியாவுக்கான ஆர்டிரோலேன் கூட்டு மருந்து, சைடஸின் சரோகிளிட்டசார் என விரல்விட்டு எண்ணலாம். இருபது ஆண்டு வலுவான காப்புரிமை செய்ய முடியாததன் காரணம் வேறிடத்தில் இருக்கிறது. நம் மொத்த ஆராய்ச்சிச் செலவு 2020-21இல் மொத்த உள்நாட்டு உற்பத்தியில் 0.64 விழுக்காடு. 1987இல் பொருள் காப்புரிமைக்கு மாறிய தென்கொரியா இன்று ஏறக்குறைய 5 விழுக்காடு செலவிடுகிறது. இதற்கிடையே மூலமருந்து இறக்குமதியில் மூன்றில் இரண்டு பங்குக்குச் சீனாவை நம்பியிருக்கிறோம், ஐ.டி.பி.எல். போன்றவற்றை நலிய விட்டதன் விலையும் அதில் அடக்கம். 2023-24இல் ஒரு லட்சத்துக்கும் மேற்பட்ட காப்புரிமைகள் வழங்கப்பட்டதை வெற்றி என்று கொண்டாடுவோர், அவற்றில் எத்தனை தொழிற்சாலைக்குள் நுழைந்தன என்றும் கேட்க வேண்டும். ஐயங்கார் 1959இல் கேட்டதும் அதுதான்.

அந்தக் கேள்விக்கு விடைதரும் கருவி படிவம் 27. காப்புரிமை பெற்றவர் அதை இந்தியாவில் செயல்படுத்தினாரா என்று தெரிவிக்கும் அறிக்கை அது. பேயரின் நெக்ஸாவர் புற்றுநோய் மருந்துக்கு 2012 மார்ச்சில் இந்திய நிறுவனமான நாட்கோவுக்குக் கட்டாய உரிமம் (காப்புரிமையாளரின் சம்மதமின்றித் தயாரிக்கும் அனுமதி) வழங்கப்பட்டபோது, தேவையுள்ள நோயாளிகளில் சுமார் 2 விழுக்காட்டினருக்கே மருந்து எட்டியது என்ற முடிவுக்கு அடிப்படையாக அமைந்தவற்றில் இந்தப் படிவமும் ஒன்று. மாதம் 2,80,428 ரூபாயாக இருந்த விலை 8,880 ஆனது. நெக்ஸாவருக்குப் பின் இன்றுவரை வேறு கட்டாய உரிமம் வழங்கப்படவில்லை. 2020இல் படிவத்திலிருந்து அளவு விவரம் நீக்கப்பட்டது. 2024 விதிகளின்படி, ஆண்டுதோறும் தர வேண்டிய அறிக்கையை மூன்று ஆண்டுக்கு ஒருமுறை தந்தால் போதும். 2025 ஜூலையில் பிரிட்டனுடன் கையெழுத்தான வர்த்தக ஒப்பந்தம், மருந்து கிடைக்கச் செய்யும் உகந்த வழி தன்விருப்ப உரிமம் என்கிறது. சட்டம் அப்படியே இருக்க, அதைப் பயன்படுத்தத் தேவையான தகவலும் துணிவும் கழன்றுகொண்டிருக்கின்றன. படிவம் 27ஐ மீண்டும் ஆண்டு அறிக்கையாக்கி, உற்பத்தி அளவு, இறக்குமதி அளவு, விலை மூன்றையும் அதில் கட்டாயமாக்க வேண்டும். இதற்குப் புதிய சட்டம் தேவையில்லை, விதித்திருத்த அறிவிக்கை ஒன்றே போதும்.