திப்புவின் மௌலூதி நாட்காட்டி
சாமல்பட்டியை உள்ளடக்கிய பாராமகால், 1792ஆம் ஆண்டுச் சீரங்கப்பட்டண உடன்படிக்கைவரை மைசூர் ஆட்சியில் இருந்ததால், திப்பு சுல்தான் புதிதாக வகுத்த நாட்காட்டியின் வரலாறு இவ்வட்டாரத்துக்கும் உரியது. சந்திரனை மட்டுமே பின்பற்றும் ஹிஜ்ரி ஆண்டு பருவங்களைவிட்டு ஆண்டுதோறும் ஏறத்தாழ 11 நாட்கள் விலகிச் செல்வதால், அறுவடையை ஒட்டி நிலவரி தண்டும் அரசுக்கு அது ஒத்துவரவில்லை. ஆகவே கன்னட, தெலுங்கு மக்கள் பழகியிருந்த சந்திர-சூரியப் பஞ்சாங்கத்தின் அறுபது ஆண்டுச் சுழற்சியையும், பருவத்தோடு மாதங்களைப் பொருத்துவதற்காக இடையில் சேர்க்கப்படும் அதிக மாதத்தையும் அவர் அப்படியே வைத்துக்கொண்டு, சைத்திரத்துக்கு அகமதி, வைசாகத்துக்குப் பஹாரி எனப் பெயர்களை மாற்றினார். உழவரின் காலக்கணக்கைக் குலைக்காத இந்த நிதானமே அச்சீர்திருத்தத்தின் பெருஞ்சிறப்பு. நபிகளின் பிறப்பைச் சார்ந்த ஆண்டுக்கணக்காகிய மௌலூதி 1787 அளவில் நாணயங்களில் ஏறியபோது, இலக்கங்கள் வலமிருந்து இடமாகப் பொறிக்கப்பட்டமையால், 1215 என்னும் ஆண்டு அவற்றில் 5121 போலத் தோன்றுகிறது.