இருபத்தொரு வயதுக் கிழவர்

சென்ற வாரம் சேடபட்டிக்காரரான எஸ்.எஸ். ராஜேந்திரனைப் பார்த்தோம். பாய்ஸ் கம்பெனியில் வளர்ந்து, 1952-இல் 'பராசக்தி'யில் முகம் காட்டி, 1962-இல் எங்கள் தேனித் தொகுதிக்கே எம்.எல்.ஏ. ஆனவர். அவருடையது கதாநாயகனின் பாதை. அதே மாதிரி ஒரு கம்பெனியிலிருந்து கிளம்பி, கதாநாயகனாகும் ஆசையைப் பக்கத்திலேயே அண்டவிடாமல் ஐம்பது வருடத்துக்கு மேல் திரையில் நின்ற ஒருவரை இந்த வாரம் பார்ப்போம். விருதுநகர் வி.கே. ராமசாமி.

கம்பெனி என்றால் என்னவென்று முதலில் சொல்லிவிட வேண்டும். இந்தத் தலைமுறைக்கு மேடை நாடகம் என்றால் திருவிழாவில் போடும் ஸ்பெஷல் நாடகம்தான். தேவாரம், பண்ணைப்புரம், கோம்பைப் பக்கம் அம்மன் கோயில் பொங்கலுக்கு ராத்திரி பத்து மணிக்கு வள்ளித் திருமணம் தொடங்கினால் விடிகிறபோதுதான் முடியும். ராஜபார்ட் ஒரு ஊர், ஸ்திரீபார்ட் வேறொரு ஊர், பபூன் மூன்றாவது ஊர். அன்றைக்கு மேடையில்தான் சந்தித்துக்கொள்வார்கள். பாட்டும் தர்க்கமும் மனப்பாடமாக இருப்பதால் ஒத்திகை தேவைப்படாது.

பாய்ஸ் கம்பெனி இதற்கு நேர் எதிர். சங்கரதாஸ் சுவாமிகள் 1918-இல் மதுரையில் தத்துவ மீனலோசனி வித்துவ பாலசபாவைத் தொடங்கிய காலத்திலிருந்து அது ஒரு குருகுலம். பையன்களுக்குச் சாப்பாடும் படுக்கையும் கம்பெனியில்தான். சம்பளம் பேருக்கு. ஒரு ஊரில் கொட்டகை போட்டால் மாதக்கணக்கில் தங்கி, நாடகத்தை மாற்றி மாற்றிப் போடுவார்கள். பாடம் தப்பினால் வாத்தியாரின் பிரம்பு பேசும். இன்றைக்கு இதைக் குழந்தைத் தொழில் என்றுதான் சொல்வோம். சொல்லவும் வேண்டும். ஆனால் தமிழ் சினிமாவின் முதல் முப்பது வருட நடிப்பு முழுக்க அந்தக் கொட்டகைகளில்தான் விளைந்தது என்பதையும் மறைக்க முடியாது.

அங்கே ஒவ்வொரு பையனுக்கும் ஒரு கண்டம் காத்திருந்தது. பெயர் மகரக்கட்டு. பதினான்கு, பதினைந்து வயதில் குரல் உடைந்ததும், நேற்றுவரை வள்ளியாகப் பாடியவன் இன்றைக்குப் பாட முடியாது. ஒலிபெருக்கி இல்லாத காலம். கடைசி வரிசைத் தரை டிக்கெட்டுக்கும் கேட்காத குரலுக்கு மேடையில் இடமில்லை. சிலர் ஊர் திரும்பினார்கள். சிலர் குரல் தேறும்வரை திரை இழுத்தார்கள். இன்னும் சிலர் பாட்டை விட்டுவிட்டுப் பேச்சைப் பிடித்துக்கொண்டார்கள். கள்ளபார்ட், பபூன், மந்திரி, மாமனார், கிழவன் எல்லாம் பேச்சுக்காரர்களின் வேடங்கள். நாம் பின்னால் 'குணச்சித்திர நடிகர்' என்று மரியாதையாக அழைத்த பலருடைய பிறப்பிடம் இதுதான்.

1926-இல் பிறந்த ராமசாமி, சிறுவனாக யதார்த்தம் பொன்னுசாமிப் பிள்ளையின் கம்பெனிக்குப் போனவர். சிவாஜி கணேசன் படித்ததும் அதே பள்ளிதான். கணேசன் ஸ்திரீபார்ட்டிலிருந்து ராஜபார்ட்டுக்குப் போனார். ராமசாமிக்குக் கிழட்டு வேடங்கள் ஒட்டிக்கொண்டன. காரணத்தை அவர் குரலைக் கேட்டாலே கண்டுபிடித்துவிடலாம். வாக்கியத்தின் கடைசிச் சொல்லை இழுத்து, மேலே தூக்கி, பாதியில் அப்படியே விட்டுவிடும் அந்தக் குரலுக்கு வாலிபன் வேடம் எப்போதும் பொருந்தியிருக்காது.

பா. நீலகண்டன் எழுதிய 'தியாக உள்ளம்' என்ற நாடகத்தில் அவர் ஒரு வயோதிகர். ஏவி. மெய்யப்பன் அதைப் பார்த்தார். படமாக்க உரிமை வாங்கியவர், கிழவர் வேடத்துக்கு வேறு ஆள் தேடாமல் மேடையில் பார்த்த பையனையே கூப்பிட்டுக்கொண்டார். 1947 பொங்கலுக்கு 'நாம் இருவர்' என்ற பெயரில் படம் வந்தது. பாரதி பாட்டும் குமாரி கமலாவின் ஆட்டமும் ஊரெல்லாம் பேச்சானது. அறுபது வயதுக்காரராகத் திரையில் வந்தவருக்கு அப்போது வயது இருபத்தொன்று.

மேடையில் இது ஒரு பெரிய வித்தையில்லை. தலையில் வெள்ளையைப் பூசி, முதுகைக் கொஞ்சம் வளைத்துவிட்டால் பெட்ரோமாக்ஸ் வெளிச்சம் மிச்சத்தைப் பார்த்துக்கொள்ளும். கேமரா அப்படிப்பட்டதல்ல. கன்னத்துக்கு ஒரு முழம் தள்ளி நின்று பார்க்கும். அங்கே ஒப்பனை பாதி வேலைதான் செய்யும், மீதியைப் பேச்சும் மூச்சும் செய்தாக வேண்டும். அதை அந்தப் பையன் கம்பெனியிலேயே கற்று முடித்திருந்தார்.

இங்கிலாந்திலும் இதே கதை உண்டு. அங்கே ஊருக்கு ஊர் ரெப்பர்ட்டரி என்ற நிரந்தர நாடகக் குழுக்கள் இருந்தன. பல குழுக்களில் வாரம் ஒரு புது நாடகம். இருக்கிற ஆட்களை வைத்துத்தான் எல்லா வேடத்தையும் நிரப்ப வேண்டும் என்பதால், இருபது வயதுப் பையன் இந்த வாரம் வேலைக்காரன், அடுத்த வாரம் பாதிரியார், அதற்கடுத்த வாரம் தாத்தா. பிரிட்டிஷ் சினிமாவின் துணை வேடக்காரர்களில் பெரும்பாலோர் அந்தப் பட்டறையில் அடிபட்டவர்கள். 1968-இல் தொடங்கிய 'டாட்ஸ் ஆர்மி' தொலைக்காட்சித் தொடரில் தள்ளாத கிழட்டுக் கார்ப்பரலாக வந்த கிளைவ் டன்னுக்கு அப்போது நாற்பத்தெட்டு வயதுதான். நம் ராமசாமியோடு ஒப்பிட்டால் அவர் ரொம்பத் தாமதம்!

நடுவில் சினிமா முதலாளியாகவும் இருந்து பார்த்தார் ராமசாமி. கூட்டாளி ஏ.பி. நாகராஜன், அவரும் நாடகக் கம்பெனி வளர்ப்பு. 1957-இல் சிவாஜியைக் கொங்குத் தமிழ் பேசவைத்த 'மக்களைப் பெற்ற மகராசி', அடுத்த வருடம் 'நல்ல இடத்துச் சம்பந்தம்', 1962-இல் 'வடிவுக்கு வளைகாப்பு'. நாகராஜன் பிற்பாடு 'திருவிளையாடல்' எடுத்து, சிவன் என்றால் சிவாஜிதான் என்று ஊர் முழுக்க நம்பவைத்தார். அதற்குப் பதில் சொல்வது மாதிரி 1978-இல் 'ருத்ர தாண்டவம்' வந்தது. நாகேஷ் பூசாரி, ராமசாமி சிவன். கர்ப்பக்கிரகத்திலிருந்து இறங்கி வந்த ஈஸ்வரன் விருதுநகர்த் தமிழ் பேசினார். இந்தப் படத்துக்கு வரலாற்றில் இன்னும் கொஞ்சம் பெரிய இடம் கொடுக்கலாம் என்பது என் கட்சி.

அந்தப் பேச்சு எங்கள் பகுதிக்குப் புதிதல்ல. ஏலக்காய், காபி, பருப்பு, எண்ணெய் என்று விருதுநகர் வியாபாரிகளுக்கும் போடி மண்டிகளுக்கும் பழைய பழக்கம். ஏலத் தோட்டத்துச் சம்பளக் கணக்கை முடித்துவிட்டு மலையிறங்கி வருகிறவர்கள் கமிஷன் கடைத் திண்ணையில் கேட்ட பேச்சைத்தான் ராமசாமி திரையில் பேசினார். பணம் எடுத்துக் கொடுக்கும்போது மட்டும் வாக்கியம் நீளும். வாங்கும்போது ஒரே சொல்லில் முடிந்துவிடும். 'பட்டிக்காடா பட்டணமா'வில் பட்டணத்து மனைவி சுகுமாரியிடம் மாட்டிக்கொண்டு, உள்ளுக்குள் சோழவந்தான் மருமகன் பக்கமே சாயும் அந்த மாமனாரைப் பாருங்கள். வசனத்துக்கு நடுவில் அவர் விடுகிற இடைவெளியில்தான் சிரிப்பு இருக்கிறது.

எண்பதுகளில் நடந்ததுதான் எனக்கு இன்னும் ஆச்சரியம். அவரோடு சேர்ந்து வந்தவர்களில் பலர் ஓய்ந்துவிட்டார்கள். மேடை வாடை அடிக்கிற நடிப்பு என்று புது இயக்குநர்கள் முகம் சுளித்த காலம். ராமசாமிக்கோ அப்போதுதான் நிஜ வயது வேட வயதை எட்டிப் பிடித்தது. 1985-இல் 'ஆண்பாவம்', கிராமத்தில் சினிமா கொட்டகை திறக்கும் அப்பா. 1986-இல் மணிரத்னத்தின் 'மௌன ராகம்', அலுவலக முதலாளி. 1987-இல் 'வேலைக்காரன்', ரஜினிக்குத் தாத்தா. 1988-இல் 'அக்னி நட்சத்திரம்', ஜனகராஜோடு அடிக்கிற கூத்து. குரலைத் தாழ்த்தி, இருட்டில் முணுமுணுத்து நடிக்கிறவர்கள் நிறைந்த மணிரத்னம் படத்துக்குள் இந்த மேடைக்குரல் நுழைந்ததும் காட்சி உயிர் பெறுகிறதே தவிர ஒட்டாமல் நிற்கவில்லை.

இந்த நான்கு படங்களுக்கும் இசை இளையராஜா. தேவாரத்துக்குப் பக்கத்து ஊரான பண்ணைப்புரத்துக்காரர். அவர் பயின்றதும் ஒரு வகையில் மேடைதான். அண்ணன் பாவலர் வரதராஜனின் கச்சேரி கம்யூனிஸ்ட் கட்சிக்காக ஊர் ஊராகப் போனது. 1958-இல் மலைக்கு அந்தப் பக்கம் தேவிகுளம் இடைத்தேர்தலில் கட்சி வேட்பாளர் ரோசம்மா புன்னூஸுக்காகப் பாவலர் பாடிய பாட்டுகளை ஏலத் தோட்டத்துப் பெரியவர்கள் வெகு காலம் சொல்லிக்கொண்டிருந்தார்கள்.

ராமசாமி தன் வாழ்க்கையை 'எனது கலைப்பயணம்' என்று எழுதியும் வைத்தார். 2001-இல் 'டும் டும் டும்' படத்திலும் அதே இழுவைக் குரல், ஒரு சுருதி குறையவில்லை. மறு வருடம் டிசம்பர் 24-ஆம் தேதி காலமானார்.

அடுத்த வாரம், மேடையிலிருந்து வந்து, 1977-இல் அல்லிநகரத்துப் பாரதிராஜாவின் '16 வயதினிலே'யில் குருவம்மாளாக வாழ்ந்த மானாமதுரை காந்திமதி.

(தொடரும்)