சொந்த ஊரில் அந்நியன்

இரண்டாம் உலகப் போரில் இடிந்து கிடந்த மேற்கு ஜெர்மனி, இருபதே ஆண்டுகளில் செல்வ நாடாக நிமிர்ந்தது. ஆலைகள் எழுந்தன, அடுக்கு வீடுகள் எழுந்தன, அவ்வீட்டுக் கூடங்களில் தொலைக்காட்சிப் பெட்டியும் இடம் பெற்றது. ஆயின், அங்கு வாழ்ந்த மனிதரின் உள்ளம் எந்நிலையில் இருந்தது?

இவ்வினாவை எழுப்பியோருள் இளம் இயக்குநர்கள் குறிப்பிடத்தக்கவர்கள். 1962-ஆம் ஆண்டில் ஓபர்ஹவுசன் நகரில் 26 பேர் கையொப்பமிட்டு, புதிய திரைப்படம் காண்போம் என அறிக்கை விடுத்தனர். அதன் பின்னர்த் தோன்றிய தலைமுறையினருக்குத் தொலைக்காட்சி நிலையங்கள் பொருளுதவி நல்கின. அவ்வாறு உருவான சோதனைப் படங்களுள் ஒன்று, 'திரு. ஆர். ஏன் வெறி கொண்டார்?' என்பது. மிகாயெல் ஃபெங்லரும் ரைனர் வெர்னர் ஃபாஸ்பிண்டரும் இயக்கிய இப்படம், 1970-இல் பெர்லின் திரைப்பட விழாவில் காட்டப்பெற்றது.

இதற்கு எழுதி வைத்த உரையாடல் கிடையாது. காட்சியின் போக்கை மட்டும் நடிகருக்குக் கூறி, அவர்களையே பேசவிட்டனர். நாயகன் கட்டிட வரைபடம் தீட்டும் ஊழியன். மனைவி உண்டு, மகன் உண்டு, பதவி உயர்வில் ஆசையும் உண்டு. ஒருநாள் இசைத்தட்டுக் கடைக்குச் செல்கிறான். வானொலியில் கேட்ட பாடலொன்று அவனுக்கு வேண்டும். பெயரோ நினைவில் இல்லை. மெட்டை முணுமுணுத்துக் காட்டுகிறான். கடைப் பெண்கள் சிரிப்பை அடக்க இயலாது தவிக்கின்றனர். அலுவலக விருந்தில் மனம் திறந்து தோழமை பற்றிப் பேச முயல்கிறான்; அதுவும் கேலிக்கூத்தாகிறது. இறுதியில் ஓர் இரவு, அண்டை வீட்டுப் பெண் ஓயாது பேசிக்கொண்டிருக்கையில், அவளையும் மனைவியையும் மகனையும் மெழுகுவர்த்தித் தண்டால் அடித்துக் கொல்கிறான். மறுநாள் அலுவலகத்தில் தன்னையும் மாய்த்துக்கொள்கிறான். தலைப்பில் உள்ள வினாவுக்குப் படம் விடை கூறுவதில்லை.

தன் உழைப்பின் பயனே தனக்கு அயலாகிவிடும் நிலையைக் கார்ல் மார்க்ஸ் 1844-இலேயே ஆராய்ந்தார். அதைக் குறிக்கும் ஜெர்மன் சொல்லை நாம் 'அந்நியமாதல்' எனத் தமிழாக்குகிறோம். வேற்று மாநிலத்தில் வாழும் நமக்கு அச்சொல் புதிதன்று. ஆனால் நாம் அந்நியராவது மொழியறியாமையால். அதனை நாளடைவில் கற்றுக்கொள்ளலாம். திரு. ஆர். தன் தாய்மொழி வழங்கும் ஊரிலேயே, தன் வீட்டிலேயே அந்நியனானான். நம் அடுக்கு வீட்டின் எதிர்க்கதவுக்குப் பின்னும் அத்தகைய ஒருவர் இருத்தல் கூடும். அவர் தடுமாறி ஒரு மெட்டை முணுமுணுத்தால், நகையாது செவி கொடுப்போமாக.