ஐந்து கிராம்: 'ஐஸ்' வந்த பாதையும் எங்கட சட்டமும்

ஐஸ் எண்டால் நேற்று வந்த சாமான் மாதிரித்தான் ஊருக்குள்ள கதைக்கினம். ஆனால் அதுக்கு 130 வருசத்துக்கு மேற்பட்ட வரலாறு இருக்கு.

சீன வைத்தியத்தில் இழுப்புக்குக் கொடுத்த மாஹுவாங் என்ற செடியிலிருந்து 1885இல் எபிட்ரினைப் பிரித்தெடுத்தவர் ஜப்பானிய இரசாயனவியலாளர் நாகாய் நாகாயோஷி. 1893இல் அதே எபிட்ரினிலிருந்து மெத்தம்பெற்றமைனைத் தயாரித்தார். இரண்டு மூலக்கூறுக்கும் வித்தியாசம் ஒரேயொரு ஒட்சிசன் அணுதான். அது இல்லாமல் போனதும் மூலக்கூறு கொழுப்பில் இலகுவாகக் கரைந்து மூளைக்குள் வேகமாகப் போகிறது. 1919இல் அகிரா ஒகாற்றா அதைப் பளிங்காக எடுத்தார். அந்தப் பளிங்குத் தோற்றம்தான் இண்டைக்கு 'ஐஸ்' என்ற பெயருக்குக் காரணம்.

இரண்டாம் உலகப்போரில் இதைச் சிப்பாய்களுக்கு விழுங்கக் கொடுத்தவை அரசுகளேதான்: ஜேர்மனியில் பெர்விட்டின், ஜப்பானில் பிலோபொன். போர் முடிந்தபின் மிச்சமிருந்த மாத்திரைகள் ஜப்பானியச் சந்தையில் பரவ, 1951இல் அங்கே தனிச்சட்டம் வந்தது. 1971இல் ஐ.நா. உடன்படிக்கையும் இதைக் கட்டுப்பாட்டுக்குள் கொண்டுவந்தது.

இலங்கையின் அடிப்படைச் சட்டம் 1929இன் நஞ்சுகள், அபின், அபாயகர ஒளடதங்கள் கட்டளைச்சட்டம். 1984 திருத்தம் ஹெரோயினுக்கு 2 கிராம், அபினுக்கு 500 கிராம் எண்டு அளவு வைத்து மரண தண்டனையைக் கொண்டுவந்தது. அந்தப் பட்டியலில் மெத்தம்பெற்றமைன் சேர 38 வருசம் எடுத்தது. 2022இன் 41ஆம் இலக்கத் திருத்தத்தின்படி 5 கிராமோ அதுக்கு மேலோ வைத்திருந்தால் மரண தண்டனை அல்லது ஆயுள் தண்டனை.

5 கிராம் எண்டால் ஒரு தேக்கரண்டிச் சீனி அளவு. பாக்கு நீரிணையைத் தாண்டி நெடுந்தீவுக் கடலுக்குள் வரும் கேரளக் கஞ்சா பொதி பொதியாகத்தான் வரும். அதை ஒளிக்க வள்ளம் வேணும், ஆள் வேணும். ஐஸுக்கு ஒரு சட்டைப்பை போதும். குறிகட்டுவானில் படகேறும் பெடியன் ஒருத்தனுக்கு, கையில் இருப்பது எத்தனை கிராம் எண்டே தெரியாமல் இருக்கலாம். சட்டத்துக்கு அந்த அளவுதான் முக்கியம்.

இலங்கையில் கடைசியாகத் தூக்கு நிறைவேறியது 1976இல். ஆகவே நடைமுறையில் இந்தத் தண்டனை வாழ்நாள் சிறைதான். 1984இல் ஹெரோயினுக்கு மரண தண்டனை வந்தும் ஹெரோயின் நிற்கவில்லை. தீவுகளில் ஒரு பெடியன் ஐஸை விட நினைத்தால் அவன் எங்கே போவான்? 2022 திருத்தத்தைப் பற்றிக் கதைக்கிற ஆக்கள் முதலில் பதில் சொல்லவேண்டியது இதுக்குத்தான்.