வனமும் வரியும்: கேரளத்தின் சூழல் நொய்ம நிலங்களில் நிலவரித் தகராறு

கேரளத்தின் மலைப்பகுதி நிலங்களைப் பற்றிய வழக்குகளில், வரி கேட்ட அரசும் தர மறுத்த உடைமையாளரும் இருந்த இடங்கள் கடந்த அறுபதுக்கும் மேற்பட்ட ஆண்டுகளில் தலைகீழாக மாறியுள்ளன. திருவிதாங்கூர்-கொச்சி நிலவரிச் சட்டம், 1955, பின்னர் மலபாருக்கும் விரிவாக்கப்பட்டு, விளைச்சலையோ மண்ணின் தன்மையையோ கருதாமல் ஏக்கருக்கு இரண்டு ரூபாய் என்ற ஒரே வீதத்தில் வரி விதித்தது. ஆண்டுக்கு ஏறத்தாழ 3,100 ரூபாய் மட்டுமே வருமானம் தந்த வனத்துக்கு 54,000 ரூபாய் வரி கேட்கப்பட்ட நிலையில், மூப்பில் நாயர் வழக்கில் உச்ச நீதிமன்றம் 1960 டிசம்பரில் அச்சட்டத்தைச் செல்லாததாக்கியது. சமமற்றவற்றைச் சமமாக நடத்துவது சமத்துவத்துக்கு முரண் என்பதும், அத்தகைய வரி உடைமையைப் பறிப்பதற்கு ஒப்பாகும் என்பதும் பெரும்பான்மை நீதிபதிகளின் கருத்து.

1971இல் தனியார் வனங்கள் ஒரு சட்டத்தின் மூலம் அரசுடைமையாக்கப்பட்டன. அதில் தப்பிய நிலங்களை நோக்கி 2000 ஜூனில் அவசரச் சட்டமும், அதன் தொடர்ச்சியாகக் கேரள வன (சூழல் நொய்ம நிலங்களை அரசுடைமையாக்கலும் மேலாண்மையும்) சட்டம், 2003உம் வந்தன. அரசு வனத்தை ஒட்டியோ அதனால் சூழப்பட்டோ, பெரும்பாலும் இயற்கைத் தாவரங்களைத் தாங்கி நிற்கும் தனியார் வன நிலம் இச்சட்டத்தின்படி சூழல் நொய்ம நிலமாகும். அது இழப்பீடின்றி அரசைச் சேர்கிறது. தேயிலை, காப்பி, ரப்பர், மிளகு, ஏலம் போன்ற நீண்டகாலப் பயிர்களுக்கு முதன்மையாகப் பயன்படும் நிலம் இவ்வரையறைக்கு வெளியே நிற்கிறது.

சிக்கல் இந்த எல்லைக்கோட்டிலேயே பிறக்கிறது. ஏலமும் காப்பியும் காட்டு மரங்களின் நிழலில் வளர்பவை. நெல்லியாம்பதி, வயநாடு போன்ற இடங்களில் பராமரிப்புக் குறைந்த தோட்டம் சில ஆண்டுகளிலேயே காட்டின் தோற்றத்தைப் பெறுகிறது. வனத்துறையின் கண்ணுக்கு அது இயற்கை வனம். தோட்டக்காரருக்கோ விளைச்சல் குன்றிய தோட்டம். நிலம் வரையறைக்குள் வருகிறதா என்பதை முடிவு செய்யத் தனித் தீர்ப்பாயத்தைச் சட்டமே ஏற்படுத்தியிருந்தும், நடைமுறையில் முதல் தீர்ப்பு கிராம அலுவலகத்தில் வழங்கப்பட்டுவிடுகிறது. வனத்துறையின் ஆட்சேபனை இருப்பதாகச் சொல்லி, அங்கே நிலவரி வாங்க மறுக்கப்படுகிறது.

வரி ரசீது உரிமைப் பத்திரம் அன்று. வருவாய்ப் பதிவுகள் உரிமையை ஆக்குவதுமில்லை, அழிப்பதுமில்லை என்பதை உச்ச நீதிமன்றம் பலமுறை தெளிவுபடுத்தியுள்ளது. ஆயினும் வங்கிக் கடனுக்கும் பெயர் மாற்றத்துக்கும் நடப்பாண்டு ரசீது கேட்கப்படுவதால், ரசீது மறுக்கப்பட்டவர் வழக்கில் தோற்பதற்கு முன்பே உடைமையின் பயன்களை இழக்கிறார். விசாரணையின்றி, காரணம் எழுதப்படாமல், மேல்முறையீட்டுக்குரிய ஆணை எதுவுமின்றி இவ்விளைவு நேர்வது, மூப்பில் நாயர் வழக்கில் கண்டிக்கப்பட்ட அநீதியை வேறு வழியில் மீண்டும் கொண்டுவருவதாகும். அன்று மிகை வரியால் நிகழ்ந்த பறிப்பு இன்று வரி மறுப்பால் நிகழ்கிறது.

வனத்துறையின் அச்சத்தை வெறும் பிடிவாதம் என்று ஒதுக்குவதும் நேர்மையாகாது. ஆண்டுதோறும் சேரும் ரசீதுகள் அனுபவப் பாத்தியதைக்குச் சான்றாக முன்வைக்கப்படலாம். அவற்றைக் காட்டி நிலம் துண்டுகளாக விற்கப்பட்டால், பின்னர் தீர்ப்பாயம் அதனை வனமென்று அறிவித்தாலும் மீட்பது அரிதாகும். மேற்குத் தொடர்ச்சி மலையில் வெட்டப்பட்ட சோலை ஒரு தலைமுறைக்குள் திரும்பி வருவதில்லை என்பதால், இந்த இழப்பு பணத்தால் ஈடுசெய்யத்தக்கதன்று. ஆனால் இதற்குப் பொருத்தமான மருந்து மரம் வெட்டவும் கைமாற்றவும் தடை விதிப்பதே ஆகும்; வரியை மறுப்பதால் ஒரு மரமும் காப்பாற்றப்படுவதில்லை.

அரசைச் சேர்ந்துவிட்ட நிலத்துக்குத் தனியாரிடம் வரி வாங்க இடமில்லை. சேர்ந்ததா என்பதே வழக்காக உள்ள நிலத்துக்கு வரியை மறுக்கவும் இடமில்லை. ஆகவே தீர்ப்பாயத்தின் முடிவுக்குக் கட்டுப்பட்டது என்ற குறிப்புடன் வரி பெறப்பட வேண்டும். அக்குறிப்பு ரசீதிலேயே பதியப்படுமானால், வாங்குவோரும் வங்கியும் ஏமாற வழியில்லை. அதனுடன் தீர்ப்பாயம் முடிவெடுக்கக் காலவரம்பு ஒன்றையும் சட்டமன்றம் விதிக்க வேண்டும். ஏனெனில் நிலத்தின் தன்மையைத் தீர்மானிக்கும் அதிகாரத்தைச் சட்டம் தீர்ப்பாயத்துக்கே தந்துள்ளது, கிராம அலுவலருக்குத் தரவில்லை.