திருமூலர்: அரசமரத்தடியில் மூவாயிரம் ஆண்டு

திருமூலர், அறுபத்துமூன்று நாயன்மாருள் ஒருவர். பதினெண் சித்தர் வரிசையிலும் வைத்து எண்ணப்படுபவர். பத்தாம் திருமுறையான திருமந்திரம் இவர் பெயரில் வழங்குகிறது. இறந்த இடையனின் உடலுக்குள் புகுந்து, திருவாவடுதுறையில் ஓர் அரசமரத்தின் கீழ் மூவாயிரம் ஆண்டு யோகத்தில் இருந்து, ஆண்டுக்கு ஒரு பாட்டாகப் பாடினார் என்பது இவர் வரலாறு. காலத்தை வசப்படுத்திய மந்திரவாதிகளைப் பற்றி உலகில் எத்தனையோ கதைகள் உண்டு. தமிழில் காலத்தையும் மரத்தையும் சேர்த்துக் கட்டிய கதைகளுள் இதற்கு ஈடு சொல்வது கடினம்.

இந்தக் கதை ஒரே நாளில் முளைத்ததல்ல. எட்டாம் நூற்றாண்டுச் சுந்தரர் தம் திருத்தொண்டத்தொகையில் திருமூலர் பெயரைச் சொல்லி வணங்குவதோடு நிறுத்திக்கொள்கிறார். நம்பியாண்டார் நம்பியின் அந்தாதியில் சாத்தனூரும் மாடு மேய்ப்பவனின் உடலும் வந்துவிடுகின்றன. மரம் இன்னும் வரவில்லை. அரசமரத்தையும் ஆண்டுக் கணக்கையும் விரிவாகக் கதைக்குள் கொண்டுவந்தவர், 12ஆம் நூற்றாண்டில் இரண்டாம் குலோத்துங்கன் காலத்தில் பெரியபுராணம் பாடிய சேக்கிழார். அவர் தொண்டை நாட்டுக் குன்றத்தூர்க்காரர். காஞ்சியில் மாமரத்தடியில் உமை தவமிருந்து, கம்பை வெள்ளத்துக்கு அஞ்சி இலிங்கத்தைத் தழுவிய கதையையும் அதே நூலில், திருக்குறிப்புத்தொண்டர் வரலாற்றில், பாடியிருக்கிறார். தவம் என்றால் ஒரு மரமும் வேண்டும் என்பது அவருக்குப் பழகிய எண்ணம்.

சேக்கிழார் சொல்லும்படி, கயிலையில் நந்தியின் மாணாக்கரான ஒரு யோகி அகத்தியரைக் காணப் பொதிகைக்குப் புறப்படுகிறார். சுந்தரநாதர் என்று பிற்கால மரபு அவருக்குப் பெயர் சொல்லும். வழியில் காவிரிக்கரைச் சாத்தனூரில் மூலன் என்ற இடையன் இறந்து கிடக்கிறான். பசுக்கள் சுற்றி நின்று கதறுகின்றன. அவற்றின் துயரம் பொறுக்காமல், தம் உடலைப் பத்திரமாக வைத்துவிட்டு, யோகி மூலன் உடலில் நுழைகிறார். கூடு விட்டுக் கூடு பாய்தல் என்னும் சித்து இது. மாலையில் பசுக்கள் தாமாக ஊர் திரும்புகின்றன, அவர் பின்னால் நடக்கிறார். மூலன் மனைவி வந்து அழைக்க, உனக்கும் எனக்கும் உறவில்லை என்று சொல்லிவிட்டு மடத்தில் போய் அமர்கிறார். ஊர்ப் பெரியவர்கள் பார்த்து, இவர் யோகநிலையில் இருப்பவர் என்று கண்டு அவளைத் தேற்றுகிறார்கள். புராணம் அவளை அதோடு விட்டுவிடுகிறது. காலையில் கணவனை அனுப்பி மாலையில் வேறொருவரைத் திரும்பப் பெற்ற அந்தப் பெண்ணுக்கு இன்னும் நாலு பாட்டு ஒதுக்கியிருக்கலாம்.

மறைத்து வைத்த பழைய உடலைத் தேடினால் காணோம். ஆகமப் பொருளைத் தமிழில் சொல்ல வேண்டும் என்று சிவனே மறைத்துவிட்டார் என்கிறது புராணம். திரும்பிப் போக வழியில்லாத யோகி, ஆவடுதுறைக் கோயிலின் மேற்குப் பக்கம் உயர்ந்து நின்ற அரசின் கீழ் அமர்கிறார்.

அரசமரம் ஏன்? தமிழ்நாட்டு மரங்களில் ஆலுக்கும் அரசுக்கும்தான் மனிதத் தலைமுறைகளைக் கடந்து நிற்கும் பெயர் உண்டு. அனுராதபுரத்தில் கி.மு. 3ஆம் நூற்றாண்டில் தேவநம்பிய தீசன் காலத்தில் நட்டதாக மகாவம்சம் கூறும் போதி இன்றும் வழிபாட்டில் உள்ளது. புத்தருக்கு ஞானம் வந்த மரமும் அரசுதான். சேக்கிழார் காலத்துச் சோழ நாட்டில் நாகப்பட்டினத்துப் புத்த விகாரம் நன்றாகவே இயங்கிக்கொண்டிருந்தது. சிவயோகியை அரசின் கீழ் உட்கார வைத்தவருக்கு அந்த நினைவு வராமல் இருந்திருக்காது. திருமந்திரப் பாயிரத்திலேயே ஆவடுதுறையும் போதி நிழலும் வருகின்றன. அங்கே மூவாயிரம் ஆண்டல்ல, யுகம் யுகமாக இருந்ததாகப் பேச்சு. பாயிரப் பாடல்களில் பல பின்னர்ச் சேர்ந்தவை என்று கருதும் ஆய்வாளர்கள் உண்டு.

காலத்தை வெல்லும் முறையை நூலின் மூன்றாம் தந்திரம் பேசுகிறது. காயசித்தி உபாயம், காலசக்கரம், ஆயுள் பரீட்சை என்று அங்கே தனித் தலைப்புகளே இருக்கின்றன. யோக மரபின் கணக்குப்படி ஒரு நாளைக்கு 21,600 மூச்சு. வெளியே போகும் காற்று பன்னிரண்டு விரற்கடை, திரும்புவது எட்டு, வீணாவது நாலு. வாழ்நாளை ஆண்டால் அளக்காமல் மூச்சால் அளந்தால், மூச்சைச் சுருக்கியவனுக்கு ஆயுள் நீளும். மந்திரம் என்று பெயர் இருந்தாலும் இதன் உள்ளே இருப்பது கணக்குப்பிள்ளைத்தனம்தான்.

மூவாயிரம் என்பதை அப்படியே எடுத்துக்கொள்வது கடினம். சுந்தரருக்கு முன்பே முடிந்துவிட்ட மூவாயிரம் ஆண்டு என்றால் தொடக்கம் கி.மு. 2,000க்கும் அப்பால் போகும். அத்தனை காலம் கண்ட தமிழின் மாற்றம் எதுவும் பாடல்களில் இல்லை. நூலின் காலத்தை 5ஆம் நூற்றாண்டு என்பாரும் உண்டு, சில நூற்றாண்டு பின்தள்ளுவாரும் உண்டு. வழக்கில் உள்ள பதிப்புகளில் 3,047 பாடல்கள் காணப்படுகின்றன. ஆண்டுக்கு ஒன்று என்றால் மிச்சம் 47 ஆண்டுக்கு யார் பொறுப்பு என்று கேட்கத் தோன்றும். இடைச்செருகல் என்பது பதிப்பாசிரியர்களின் விடை.

வைணவத்திலும் இதற்கு ஓர் இணை உண்டு. ஆழ்வார்திருநகரியில் நம்மாழ்வார் பதினாறு ஆண்டு புளியமரப் பொந்தில் பேசாமல் இருந்தார் என்பது மரபு. மற்றப் புளியிலைகள் இரவில் கூம்ப, அந்த மரத்தின் இலை கூம்புவதில்லை என்று அதை உறங்காப்புளி என்பார்கள். அங்கே மரமும் சேர்ந்து விழித்திருக்கிறது. ஆவடுதுறையிலோ அரசு நிழல் தருவதோடு சரி.

பாடி முடித்த ஏடுகள் கோயில் பலிபீடத்தடியில் புதைந்து கிடந்தன என்றும், ஆவடுதுறைக்கு வந்த திருஞானசம்பந்தர் அங்கே தமிழ் மணக்கிறதென்று தோண்டச் செய்து எடுத்தார் என்றும் பின்னாளில் ஒரு கதை சேர்ந்தது. இன்று மயிலாடுதுறை மாவட்டத்தில் உள்ள கோமுத்தீசுவரர் கோயிலின் தலமரம் படர் அரசு. திருமூலரின் சமாதிக் கோயிலும் அந்த வளாகத்திலேயே இருக்கிறது. மகாவித்துவான் மீனாட்சிசுந்தரம் பிள்ளையையும் உ. வே. சாமிநாதையரையும் ஆதரித்த ஆதீனம் அந்த ஊரில்தான் இயங்குகிறது. திருமூலர் குருபூசை ஐப்பசி அசுவினியில்.